பேசும் சிலை

திருநங்கைகளுக்காக வாழ்நாளெல்லாம் காவல் நிலைய வாசல்களில் கத்தியே தொண்டை போனவர் செண்பகவல்லி. அவர் உயிரோடிருக்கும்போதே அரசு அவருக்குப் பேசும் சிலை வைத்தது. கரிய முகத்தைச் சந்தன நிறமாக்கியிருந்தார்கள். நாக்கையும் இப்படித்தான் மாற்றியிருப்பார்கள், தான் போன பிறகு இது எல்லோருக்கும் ஆமாம் போட்டுக்கொண்டு நிற்கும் என்று, திறப்பு விழாவின் முன்வரிசையில் இருந்த அவர் பயந்தார்.

அமைச்சர், "விளிம்பின் விளக்கே, விடியலின் வித்தே" என்று அரைமணி நேரம் முழங்கிவிட்டு, "அம்மா, எங்க ஆட்சியைப் பத்தி ரெண்டு வார்த்தை" என்று சிலையிடம் குழைந்தார்.

"நல்லா இரு, தம்பி" என்றது சிலை.

செண்பகவல்லி தலையில் கைவைத்துக்கொண்டார்.

"ஆஸ்பத்திரியில எங்க பொண்ணுங்களுக்கு வார்டு கிடையாதுன்னு வராண்டாவுலயே போட்டு வெச்சிருக்கீங்களே, அதுக்குப் பதில் சொல்லிட்டு மாலையைப் போடு" என்று தொடர்ந்தது சிலை.

அமைச்சர், சிலையைச் செய்வித்த அதிகாரியை முறைத்தார்.

"அம்மா இதுவரைக்கும் பேசினது மொத்தத்தையும் சிலையில ஏத்தினோம் சார். அதுல பாராட்டு ஒண்ணுகூடச் சிக்கல."

செண்பகவல்லியின் தத்துமகள் ரோஷிணி அவர் காதருகே குனிந்தாள். "அம்மா, நாளைக்கு மறியலுக்கு எத்தனை மணிக்கு வர்றே?"

"மறியலை இங்கயே வெச்சுக்குங்கடி. அவ பேசுவா. நான் வீட்டுல நல்லாத் தூங்கப்போறேன்."