சாட்சிகளைப் பார்க்கக் கூடாது

"முன்ஜாமீன் கிடைச்சிருச்சு சார்! ஒரே நிபந்தனை. சாட்சிகளைப் பார்க்கக் கூடாது, கேட்கக் கூடாது. கோர்ட்டே உங்க கண்ணையும் காதையும் பூட்டிரும். தெரிஞ்சே சாட்சிகிட்ட ஒரு வார்த்தை பேசினாலும் ஜாமீன் ரத்து!" என்று போனில் சிரித்தார் வக்கீல்.

கூட்டுறவு வங்கிச் செயலாளர் தணிகாசலம் சமையலறைக்கு ஓடினார். "அமிர்தா, ஜெயில் இல்லடி!"

அடுப்பில் தோசை தானாகத் திரும்பிப் படுத்தது. மனைவியைக் காணவில்லை.

"அம்மா உங்க எதிர்லதாம்ப்பா நிக்கிறாங்க" என்றாள் மகள் நித்திலா.

தணிகாசலம் ஓரடி பின்வாங்கினார். "அப்போ... இவளா சாட்சி? இருபது வருஷம் சோறு போட்டவனுக்கு எதிராவா?"

"கவரிங் வளையலைத் தங்கம்னு அடகு வச்சு ஊர்ப் பணத்தை எடுத்தீங்களேப்பா! வளையலை நீங்க கொண்டுபோனதை அம்மா மட்டுமா பார்த்தாங்க? நானும்தான்..."

குரல் அறுந்தது. மகள் நின்ற இடத்தில் யாருமில்லை. கைப்பேசியில் ஒரு வரி ஒளிர்ந்தது: 'புதிய சாட்சி சேர்க்கப்பட்டார்.'

சற்று நேரத்தில் அவர் தோளில் ஒரு கை விழுந்தது.

மனைவியா, மகளா?

கேட்டுவிடலாம். ஒரு வார்த்தை போதும்; ஜாமீன் ரத்தாகும், கண்ணும் காதும் திறந்துவிடும்.

தணிகாசலம் இரண்டு கைகளாலும் தன் வாயை இறுகப் பொத்திக்கொண்டார்.