ஏகமனதாக

பிஸ்கட் கம்பெனியின் பங்குதாரர் கூட்டத்தில், புதிய பங்குகளைத் தன் மகன்களுக்கு மட்டும் ஒதுக்கும் தீர்மானத்தைப் படித்து முடித்த சந்தானம், "எல்லாருக்கும் சம்மதம்தானே" என்றபடியே அடுத்த தாளைப் புரட்டினான். அவனுடைய அக்கா மரகதவல்லி வலது கையை உயர்த்தினாள். அப்பா அவளுக்கு எழுதிவைத்திருந்த பங்கு, இந்தத் தீர்மானம் நிறைவேறினால் பேருக்குத்தான் மிஞ்சும்.

"எனக்குச் சம்மதமில்லை."

"சரிக்கா, கேட்டாச்சு. கையை இறக்கு" என்றவன், குறிப்பெழுதிக்கொண்டிருந்த செயலாளரிடம் திரும்பினான். "ஏகமனதாக நிறைவேறியதுன்னு போட்டுக்குங்க சார்."

அவள் கையை இறக்கவில்லை. டீ வந்தது, இடது கையால் வாங்கிக் குடித்தாள். அவளுடைய சின்னத் தம்பி செல்போனுக்குள் தலையைக் கவிழ்த்துக்கொண்டான். அவளுக்குத் தோள்பட்டை எரிந்தது, விரல்கள் மரத்துப்போயின.

"எப்படியும் நீ தோத்துத்தான் போவே. எதுக்குக்கா இந்த வீம்பு?" என்றான் சந்தானம்.

"தோத்துட்டுப் போறேன்டா. ஆனா நான் சம்மதிச்சேன்னு எழுதக் கூடாது. நாளைக்குக் கோர்ட்டுல அந்தத் தாள்தான் பேசும்."

செயலாளர் பேனாவை மூடவுமில்லை, எழுதவுமில்லை; சந்தானத்தின் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"எழுதித் தொலைங்க" என்றான் அவன் கடைசியில்.

'ஏகமனதாக' என்ற சொல் அடிக்கப்பட்டது. 'மரகதவல்லி எதிர்த்து வாக்களித்தார்' என்று எழுதியதை அவர் வாசித்துக் காட்டிய பிறகுதான் அந்தக் கை மடியில் வந்து விழுந்தது.

சந்தானம் தொண்டையைச் செருமிக்கொண்டான். "அடுத்தது, என்னையே மறுபடியும் நிர்வாக இயக்குநரா நியமிக்கிற தீர்மானம்."

வலது கை எழவில்லை. மரகதவல்லி இடது கையை உயர்த்தினாள்.