நடு வராந்தா

இரண்டு வல்லரசுகளின் அமைச்சர்களும் ஒருவர் முகத்தில் ஒருவர் விழிக்க மாட்டோமென்று எதிரெதிர் அறைகளில் கதவைச் சாத்திக்கொண்டார்கள். எல்லையில் படைகள் நின்றன. அறைகளுக்கு நடுவே ஓர் ஒடுக்கமான வராந்தா. அதில் போவதும் வருவதுமாக இருந்தார் மங்கையர்க்கரசி, பெரியதென்றும் சிறியதென்றும் சொல்ல முடியாத ஒரு நாட்டின் தூதர்.

"படையை விலக்குவானா, மாட்டானா? அந்த முரடனைக் கேட்டுட்டு வாங்க!" என்று ஓர் அமைச்சர் மேசையைக் குத்தினார்.

எதிர் அறைக்குள் போய், "படையை விலக்குவது பற்றி உங்கள் எண்ணத்தை அறியக் காத்திருக்கிறார்," என்றார் மங்கையர்க்கரசி.

வெளியே வந்ததும், கூடவே வந்த துணைத்தூதர் இருதயராஜ் பதறினார். "மேடம், அவர் அப்படிச் சொல்லலையே!"

"கேள்வியைக் கொண்டுபோய்ச் சேர்த்துட்டேன். வசவைக் கொண்டுபோக வேற ஆளைப் பார்த்துக்கட்டும்."

வசவுகளெல்லாம் வராந்தாவிலேயே தங்கிப்போயின. இவ்வளவு மரியாதை தெரிந்த எதிரியை ஒருமுறை நேரில் பார்த்துவிட வேண்டுமென்று இரண்டு பேருக்குமே தோன்றிவிட்டது போலும், ஒரு மாலையில் இரண்டு கதவுகளும் திறந்தன. வராந்தாவில் இருவர் எதிரெதிரே நிற்கத்தான் இடமிருந்தது. மங்கையர்க்கரசி மூச்சை இழுத்துப் பிடித்துக்கொண்டு சுவரோடு ஒட்டிக்கொண்டார். அவர் மூக்குக்கு முன்னால் இரண்டு கைகள் தயங்கித் தயங்கி நீண்டன.