ஒரு மீன் வரைக்கும்

அவலாஞ்சி ஓடையில் டிரவுட் மீன் பிடிக்கும் அனுமதியின் விலைக்கு ஊட்டியில் ஒரு வீடே வாங்கிவிடலாம். எங்களுக்கு அது கல்யாணச் சீராக வந்தது. ஒரே ஒரு மீனுக்குத்தான் செல்லும். மீன் சிக்கிவிட்டால், மீனுக்குள் வைத்திருக்கும் சிப் சொல்லிவிடும். அப்புறம் ஆயுசுக்கும் எங்களுக்கு ஓடையின் கேட் திறக்காது.

கல்யாணம் ஆனதிலிருந்து ஞாயிறுதோறும் வருகிறோம். தூண்டில் முள்ளை மறைத்து இறகால் பொய்ப்பூச்சி கட்டித் தருவது மஞ்சரி. மீன் இல்லாத பக்கமாகப் பார்த்து வீசுவது நான். அது அவளுக்குத் தெரியாது.

இன்று ஒரு மீன் கவ்வியேவிட்டது. கம்பு வளைந்தது. இழுக்காமல் கையைத் தளர்த்தினேன். நல்லவேளை, விட்டுவிட்டுப் போய்விட்டது.

மஞ்சரி சுக்குக் காப்பியை ஊற்றிக்கொண்டே சொன்னாள்: "எதுக்குங்க இப்படி வேர்க்குது? நான் கட்டுற பூச்சியில என்னைக்கு முள் இருந்துச்சு?"