இரும்பு ஈட்டி

"ஏங்க, மர ஈட்டி இங்கயே கிடக்குதே! அப்ப அய்யாக்கண்ணு கையில இருக்கறது எது?"

மனைவி ரோஸ்லின் ஒப்பனை அறையிலிருந்து ஓடிவந்து கேட்டதும் அடைக்கலராஜ் பக்கத் திரையை விலக்கினார். மேடையை எட்டிப் பார்த்தார். படைவீரன் வேடத்தில் நின்ற அய்யாக்கண்ணுவின் தலைக்கு மேல் இரும்பு முனை மின்னியது.

"பழைய ஈட்டியப் பெட்டியில வச்சுப் பூட்டச் சொன்னேனே?"

"பூட்டத்தான் செஞ்சேன். இப்பத் திறந்து கிடக்கு."

அடைக்கலராஜ் முப்பது வருடமாகக் குடவாசல் பக்கம் பழைய நாடகங்களை மட்டுமே இயக்குபவர். வசனத்தில் ஓர் எழுத்தைக்கூட மாற்றமாட்டார். இந்த ஊரில் ஆண்டவரின் சிலுவைப்பாட்டை நடிக்கும் பாஸ்கா நாடகத்தில் அவர் மாற்றிய ஒரே பொருள் அந்த ஈட்டிதான்; இரும்புக்குப் பதில் மரம், அதுவும் இந்த வருடம்தான்.

போன குறுவைச் சாகுபடியின்போது வாய்க்கால் தண்ணீர்த் தகராறில் அய்யாக்கண்ணு ஜோசப்ராஜை வெட்ட மண்வெட்டியை ஓங்கிவிட்டான். நாலு பேர் இழுத்துப் பிடித்ததால் உயிர் தப்பியது. அந்த ஜோசப்ராஜ்தான் இப்போது ஆண்டவர் வேடத்தில் சிலுவையில் கட்டப்பட்டிருந்தார்.

"அவனுக்கு வேஷமே வேணாம்னு தலபாடா அடிச்சுகிட்டேன், கேட்டீங்களா?"

"அவங்கப்பா காலத்துலேருந்து நேர்ந்துகிட்டுப் போடுற வேஷம் ரோஸ்லின். எப்படி இல்லேங்கறது?"

"இப்ப என்னங்க பண்றது? அந்த மனுஷன் ரெண்டு கையும் கட்டிக் கிடக்கு, விலகக்கூட முடியாது. திரைய இறக்குங்க!"

அடைக்கலராஜ் திரைக் கயிற்றைப் பிடித்தார். இறக்கினால் ஊர் காரணம் கேட்கும். சொன்னால் அய்யாக்கண்ணுவை உயிரோடு விடமாட்டார்கள். இறக்காவிட்டால்...

"மாதாவே," என்று முணுமுணுத்தார். கயிறு உள்ளங்கையில் வழுக்கியது.

ஜோசப்ராஜின் விலாவில் தோல் நிறத் துணிக்கு அடியில் சிவப்புச் சாயப் பை. படைவீரன் விலாவில் குத்தும்போது முனை அதை மட்டும் கிழிக்க வேண்டும். கொஞ்சம் அழுத்தினால் நிஜ ரத்தம்.

அய்யாக்கண்ணு ஈட்டியை உயர்த்தினான். இறந்துவிட்டதாக நடிக்க வேண்டிய ஜோசப்ராஜ் கண்ணைத் திறந்து அவனையே பார்த்தார். அடைக்கலராஜ் தன் கண்களை இறுக மூடிக்கொண்டார்.

"ஆண்டவரே!" என்று கூட்டம் ஒரே குரலில் அலறியது.

கண்ணைத் திறந்தபோது விலாவிலிருந்து சிவப்பு வழிந்துகொண்டிருந்தது. கயிற்றை விட்டார். திரை விழுந்ததும் சிலுவைக்கு ஓடி, துணியை விலக்கித் தடவினார். வெறும் சாயம். தோலில் ஒரு கீறல்கூட இல்லை.

பயமெல்லாம் கோபமாகத் திரும்பியது. "டேய், உன்ன நம்பி வேஷம் குடுத்தேன் பாரு! எதுக்குடா பெட்டியத் திறந்த?"

அய்யாக்கண்ணு ஈட்டியைக் கீழே வைத்துவிட்டு விசும்பினான்.

"அவனத் திட்டாதீங்க வாத்தியாரே," என்றார் சிலுவையில் இருந்த ஜோசப்ராஜ். "பெட்டியத் திறந்து, வேணாம் வேணாம்னவன் கையில அதத் திணிச்சது நான்தான். அந்தச் சண்டைக்கப்புறம் ஊர்ல ஒருத்தரும் அவன் கையில அரிவாள் குடுக்கறதில்ல. பாவம், வேலையில்லாம வீட்டுல உலை கொதிக்கல. அவன் இரும்பு ஈட்டிக்கு நானே நெஞ்சக் காட்டி நின்னத இன்னைக்கு ஊரே பாத்துச்சுல்ல, நாளைக்கு உளுந்து அறுப்புக்குக் கூப்பிடுவாங்க."