எழுதிக் கொடுத்தது

தங்கை அண்ணனின் கட்டிலோரம் உட்கார்ந்து அவருடைய கைநகங்களை வெட்டிக்கொண்டிருந்தாள். ஆபரேஷனுக்கு முன் நகம் வெட்டியிருக்க வேண்டும் என்று நர்ஸ் சொன்னதும், அவளே நகவெட்டியைக் கேட்டு வாங்கிக்கொண்டாள். கைக்குழந்தைக்கு வெட்டுவதுபோல, சதையில் படாமல் ஒவ்வொரு விரலாகப் பிடித்து வெட்டினாள்.

“இப்படி ஒரு தங்கச்சி கிடைக்க நீங்க குடுத்து வச்சிருக்கணும்,” என்றாள் நர்ஸ். மரக்கடை வைத்திருந்த அண்ணன் ஆமாம் என்று தலையாட்டினார்.

அவருக்குச் சிறுநீரகம் இரண்டும் போய்விட்டன. டயாலிசிஸுக்கு ஊசி குத்த இனி நரம்பு கிடைக்காது என்று டாக்டர் கையை விரித்துவிட்டார். மனைவிக்குச் சர்க்கரை. வெளிநாட்டு மகன் லீவு கிடைக்கவில்லை என்று போனோடு முடித்துக்கொண்டான். அப்போதுதான், பல வருஷமாக அவர் முகத்தில் விழிக்காத தங்கை, யாரும் கூப்பிடாமலே வார்டுக்குள் வந்து நின்றாள்.

“என்னோடது பொருந்துதான்னு பாக்கச் சொல்லுங்க.”

பொருந்தியது. ஆஸ்பத்திரியில் கேட்ட இடத்திலெல்லாம் கையெழுத்துப் போட்டுக் கொடுத்தாள்.

பேச்சுவார்த்தை அற்றுப்போனதற்கு அவர்தான் காரணம். கடைக்குப் பின்னாலிருந்த மனையைத் தங்கைக்கும் அவள் புருஷன் பெயிண்டருக்கும் கிரயம் செய்து கொடுத்தவர் அவர். பேசிய விலையைக் குறைவில்லாமல் வாங்கிக்கொண்டுதான் கொடுத்தார். பெயிண்டர் அஸ்திவாரம் தோண்டி முடித்த சமயம் பக்கத்தில் பெரிய ரோடு வந்தது. மனையின் விலை ஏறியது, இவருக்குத் தூக்கம் போனது. அவர்களிடம் ஒரு வார்த்தை சொல்லாமல் பத்திரப் பதிவு அலுவலகத்துக்குத் தனியாகப் போய், அந்தக் கிரயத்தை ரத்து செய்துவிட்டு வந்தார். மறுநாள் அஸ்திவாரக் குழிக்குள் ஒரு லாரி மரத்தைக் கொட்டினார்.

ரத்து செல்லாது என்று வழக்குப் போட்ட பெயிண்டர், வேலையை விட்டுவிட்டுக் கோர்ட்டுக்கு நடையாய் நடந்தார். தீர்ப்பு வருமுன்னே கோர்ட்டு வராந்தாவில் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு சரிந்தார். சாவுக்குப் போன அண்ணனைத் தங்கை ஏறெடுத்தும் பார்க்கவில்லை. திட்டவும் இல்லை.

அவள் சுண்டுவிரலைப் பிடித்துக் குனிந்தபோது அவள் மூச்சில் டீ வாசனை அடித்தது. ராத்திரியிலிருந்து சொட்டுத் தண்ணீர்கூடக் குடிக்கக் கூடாது என்று சொல்லப்பட்ட அவருக்கு நாக்கு மேலண்ணத்தில் ஒட்டிக்கொண்டது.

“அந்த மனையை உன் பேருக்கே எழுதிடறேம்மா,” என்றார். வீடு திரும்பியதும் முதல் வேலை அதுதான் என்றும் சொன்னார். சொல்லும்போதே, முழுசும் எதற்கு, பாதி போதாதா என்று உள்ளுக்குள் ஒரு கணக்கு ஓடியது.

“அதெல்லாம் இப்ப எதுக்குண்ணா,” என்று அவள் போர்வையை இழுத்துவிட்டாள். அவள் வேண்டாமென்றதும் பாதி கால்வாசியாகச் சுருங்கியது.

ஸ்ட்ரெச்சர் வந்தது. அதன் கம்பியைப் பிடித்தபடி அவளும் கூடவே நடந்தாள். தியேட்டர் வாசலில் பச்சை அங்கியோடு நின்ற டாக்டர், முதலில் அவள்தான் உள்ளே போக வேண்டும் என்று சொல்லி, தயாரா என்று கேட்டார்.

மரக்கடைக்காரர் தங்கையின் கையை எடுத்துக் கண்ணில் ஒற்றிக்கொண்டார். விசும்பி விசும்பி அழுதார். அவர் அழுது ஓயும்வரை பொறுத்திருந்துவிட்டு, அவள் கையை மெதுவாக உருவிக்கொண்டு டாக்டர் பக்கம் திரும்பினாள்.

“நான் குடுத்த சம்மதத்தை ரத்து பண்ணிக்கிறேன் டாக்டர்.”