அருவிக் குளியல்

"அம்மணக் குப்பை! இதுக்கு மணிலாவுல பட விழா ஒரு கேடு!" சிறப்பு விருந்தினர் இருக்கையில் கொதித்தார் எர்மோஹெனெஸ். எழுபதுகளில் திரைப்படத் தணிக்கை அதிகாரியாக இருந்தவர்.

"நீங்க வெட்டின படம்தானே? சும்மா பாருங்க" என்றாள் மனைவி சோலெங்.

"அருவிக் குளியலை என் கையாலயே வெட்டி எரிச்சேன். முடிஞ்சா அதைக் காட்டட்டும்!"

திரையில் அருவி கொட்டியது. நாயகி சாவகாசமாகக் குளித்தாள். அரங்கம் கைதட்டியது.

அவர் இருக்கையின் நுனிக்கு வந்தார். "இது... இவனுங்களுக்கு எப்படிக் கிடைச்சுது?"

"உங்களுக்கு முட்டி வலின்னு இந்த ஜனவரி திருநாளுக்கு வீட்டுக் குழந்தை ஏசு சிலைக்கு நான்தானே உடுப்பு மாத்தினேன்? பீடத்துக்கு அடியில பிஸ்கட் டின்ல அந்தப் பிலிமைச் சுருட்டி வெச்சிருந்தீங்க. நான்தான் விழாக்காரங்ககிட்ட கொண்டுபோய்க் கொடுத்தேன்."

அவர் குனிந்து முட்டியைத் தடவினார்.

"முட்டி தேயத் தேய அங்க மண்டி போட்டீங்களே, சாமிக்குன்னுல்ல நினைச்சேன்!"